உயிர்காக்கும் தேர்வுகளின் கணக்கு

போலந்து நாட்டின் சிடி புராஜெக்ட் ரெட் நிறுவனம் 2015-ஆம் ஆண்டு மே மாதம் வெளியிட்ட ‘தி விட்சர் 3: வைல்ட் ஹன்ட்’ என்னும் கணினி விளையாட்டை ஆடி முடித்த இருவர் தத்தம் கதையை ஒப்பிட்டுப் பார்த்தால், விளக்கம் கிடைக்காத ஒரு முரண் அவர்களிடையே எழுவதுண்டு. இருவரும் கெரால்ட் என்னும் அரக்க வேட்டையாளனாக இருந்து, அவன் மகளாக வளர்த்த சிரியைத் தேடி அதே நாடுகளில் அலைந்தவர்கள். இறுதிப் போரில் அதே எதிரியை வீழ்த்தியவர்கள். ஆயினும், உலகங்களை உறையவைத்து அழிக்கும் வெண்பனியைத் தடுக்கப் புறப்பட்ட சிரி ஒருவருடைய கதையில் உயிரோடு திரும்புகிறாள். மற்றவருடைய கதையில் திரும்புவதில்லை. அவள் விடைபெறும் நேரத்தில் ஆட்டக்காரரிடம் எந்தக் கேள்வியும் கேட்கப்படுவதில்லை, அவள் செல்லும் வழியில் அவர் போரிட்டுக் காக்கவும் இடமில்லை. அப்படியானால் அவளுடைய உயிர் எங்கே, எப்போது, எதைக்கொண்டு தீர்மானிக்கப்பட்டது?

இத்தகைய விளையாட்டுகளுக்குப் பாத்திரமேற்பு விளையாட்டு என்று பெயர். ஆட்டக்காரர் கதைக்கு வெளியே நின்று காய் நகர்த்துவதில்லை. கதைமாந்தருள் ஒருவராகி, அவர் பேசவேண்டியதையும் செய்யவேண்டியதையும் தாமே தெரிவுசெய்கிறார். இவ்வகையின் மூலவடிவம் கேரி கைகாக்ஸ், டேவ் ஆர்னசன் ஆகிய இருவர் 1974-இல் அமெரிக்காவில் வெளியிட்ட ‘டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ்’. அதில் கணினி இல்லை. மேசையைச் சுற்றி அமர்ந்தவர்களுள் ஒருவர் கதைநடத்துநராக இருந்து, மற்றவர்கள் செய்ய விரும்புவதைக் கேட்டு, அதன் விளைவைச் சொல்வார். சில வாரங்களுக்கு முன் ஒரு சத்திரக்காரனிடம் யாரேனும் கடுமையாகப் பேசியிருந்தால் அது அவருக்கு நினைவிருக்கும். அந்தக் கடுமை எத்தகையது, மன்னிக்கத்தக்கதா என்பனவும் நினைவிருக்கும். யாரும் எதிர்பாராத ஒரு வழியில் ஒருவர் கைதியை விடுவிக்க முயன்றால், அது பலிக்குமா என்பதை அந்த இடத்திலேயே அவர் முடிவுசெய்வார். இதே கதைமுறை கணினிக்குள் வந்தபோது அந்த மனித நினைவுக்கு ஈடாக வேறொன்றைத் தேடவேண்டியதாயிற்று, ஏனெனில் எதை நினைவில் வைக்கச் சொல்லியிருக்கிறார்களோ அதை மட்டுமே கணினி நினைவில் வைக்கும். எந்த வழியை எழுதிவைத்திருக்கிறார்களோ அந்த வழியை மட்டுமே திறக்கும்.

அந்த ஈடுதான் நிலைக்குறி. நிரலாளர்கள் இதை ‘ஃபிளாக்’ என்பர். கதையில் ஒரு நிகழ்வு நடந்ததா இல்லையா என்பதை ஆம், இல்லை என்னும் இரண்டே விடைகளுள் ஒன்றாகக் குறித்துவைக்கும் சிறு இடம் அது. வீட்டில் பால் கணக்கு அட்டையை எண்ணிப்பார்த்தால் இதன் இயல்பு விளங்கும்: இன்ன நாளில் பால் வாங்கப்பட்டது என்பதற்கு அதில் ஒரு கோடு இருக்கும், அன்று வீட்டுக்கு விருந்தினர் வந்ததனால் வாங்கினார்களா, பிள்ளைக்குக் காய்ச்சல் என்பதனால் வாங்கினார்களா என்பதற்கு அதில் இடமில்லை, மாதக் கடைசியில் கணக்குத் தீர்க்க வருபவருக்கு அது தேவையும் இல்லை. விளையாட்டும் அவ்வாறே, ஆட்டக்காரர் இரக்கத்தால் ஒருவனை விடுவித்தாரா, பரிசுக்கு ஆசைப்பட்டு விடுவித்தாரா என்பதை அறியாமல், விடுவித்தார் என்ற கோட்டை மட்டும் போட்டுவைத்து, முப்பது மணி நேர ஆட்டத்துக்குப் பிறகு வேறோர் ஊரில் அந்தக் கோட்டைப் பார்த்துக் கதையை நகர்த்துகிறது. ஒரு குறிப்பிட்ட நேரத்தில் உள்ள எல்லாக் குறிகளின் தொகுப்பையும் அந்த ஆட்டத்தின் ‘நிலை’ என்பர். ஆட்டத்தைச் சேமிக்கும்போது கோப்பில் எழுதப்படுவது பெரும்பாலும் இதுவே.

சிரியின் உயிருக்குத் தனித்த ஒரு குறி போதவில்லை. அங்கே பயன்படுவது எண்ணி, அதாவது பல நிகழ்வுகளின் விளைவைக் கூட்டிவைக்கும் ஒரு கணக்கு. அக்கணக்கில் சேரும் தருணங்கள் ஐந்து என ஆட்டக்காரர்கள் கண்டறிந்துள்ளனர். வளர்த்த ஆசானாகிய வெசெமிர் கேர் மோர்ஹென் கோட்டையில் கொல்லப்பட்ட பின் துயரில் அமர்ந்திருக்கும் சிரியிடம், எல்லாவற்றிலும் வல்லவளாக இருக்கவேண்டியதில்லை என்று சொல்லி மதுக்கிண்ணத்தை நீட்டுவதா, பனியுருண்டை எறிந்து விளையாட அழைப்பதா என்பது அவற்றுள் ஒன்று. மந்திரக்காரிகளின் சபையைச் சந்திக்கச் செல்லும்போது அவளுக்காகப் பேச உடன் செல்வதா, அவளே பேசிக்கொள்ளட்டும் என்று வெளியில் நிற்பதா என்பது மற்றொன்று. தன்னை ஏமாற்றினான் என்று தெரிந்த அவல்லாக் என்பவனுடைய ஆய்வுக்கூடத்தில் அவள் கொதித்து நிற்கும்போது அடங்கச் சொல்வதா, பொருள்களை உடைத்துத் தீர்த்துக்கொள்ள விடுவதா என்பது இன்னொன்று; அவளுக்கு உதவியதனால் உயிரிழந்த ஸ்க்யால் என்னும் இளைஞனின் புதைவிடத்துக்கு அவளோடு செல்லும் சிறு பயணமும் கணக்கில் சேர்கிறது. இவற்றுள் பெரும்பான்மை அவள்மீது வைத்த நம்பிக்கையைக் காட்டுவனவாக இருந்தால் அவள் திரும்பிவருகிறாள். இவ்வாறு ஓர் எண்ணி எட்டவேண்டிய எல்லைக்கு வாசல் மதிப்பு என்று பெயர். எல்லையைத் தாண்டுவதற்கு ஒரு தேர்வு குறைந்தாலும், பல குறைந்தாலும் விளைவு ஒன்றே.

இந்த ஏற்பாட்டின் சிறப்பு அதன் எண்கணிதத்தில் இல்லை, எது எண்ணப்படுகிறது என்பதில் இருக்கிறது. கெரால்ட் எத்தனை அரக்கர்களைக் கொன்றான், எவ்வளவு வலிமை சேர்த்தான், எத்தனை ஏழைகளுக்கு உதவினான் என்பவற்றுள் எதுவும் அந்தக் கணக்கில் சேர்வதில்லை. மகளைக் குழந்தையாகவே கருதி எங்கும் முன்னின்று காக்க முயன்ற தந்தை அவளை இழக்கிறான். அவளுடைய கோபத்துக்கும் துயரத்துக்கும் முடிவுகளுக்கும் இடம் விட்டவன் அவளைத் திரும்பப் பெறுகிறான். உலகை அழிக்க வரும் ஒன்றின்முன் தனியே நிற்கும்போது அவளுக்குத் துணையாக வருவது அந்த நம்பிக்கை மட்டுமே என்று கதை சொல்கிறது, அதையே கணக்கும் அளக்கிறது. கதையின் கருத்தும் உள்ளே ஓடும் எண்ணும் இவ்வளவு நேர்மையாக ஒன்றுபடும் இடங்கள் கணினி விளையாட்டுகளில் மிகச் சில. தேர்வின் நேரத்தில் அதன் எடை தெரிவதில்லை என்று பல ஆட்டக்காரர்கள் குறைகூறினாலும், தந்தைமையின் எடையும் அன்றாடத்தில் அவ்வாறே தெரியாமல் இருப்பதால், இம்மறைப்பைக் குற்றமாகக் கொள்ள முடியாது.

வெசெமிரை எந்தத் தேர்வாலும் காக்க முடியாது. எவ்வழியில் ஆடினாலும் அவர் அந்தக் கோட்டையில் நடக்கும் போரில் இறக்கிறார். காப்பாற்றக்கூடியவர், காப்பாற்ற முடியாதவர் என்னும் இந்த வேறுபாடு எழுத்தாளரின் மனப்போக்கால் மட்டும் வருவதன்று. அதற்குப் பின்னால் ஒரு கணித நெருக்கடி இருக்கிறது. இரண்டு வழிகள் உள்ள ஒரு தேர்வு கதையை இரண்டாக்கும். அடுத்த தேர்வு நான்காக்கும். பத்தாவது தேர்வில் 1,024 கதைகள் இருக்கும். இருபதாவது தேர்வில் அந்த எண்ணிக்கை 10,48,576 ஆகும். ஒவ்வொன்றுக்கும் தனித்தனியே உரையாடல் எழுதி, நடிகர்களைப் பேசவைத்துப் பதிவுசெய்து, முகபாவங்களை அமைப்பது எந்த நிறுவனத்தாலும் ஆகாத காரியம். எனவே கதையைச் சிறிது தூரம் பிரித்து ஓடவிட்டு, ஒரு பெருநிகழ்வில் மீண்டும் ஒன்றாக்குகிறார்கள். அந்த இடத்தைச் சங்கமப் புள்ளி எனலாம். பிரிந்த கிளைகளின் நினைவு நிலைக்குறிகளாக மட்டும் எஞ்சி, பின்னால் ஓர் உரையாடலையோ, ஒரு துணைவரின் வருகையையோ, ஓர் இறப்பையோ மாற்றும். வெசெமிரின் இறப்பு அத்தகைய சங்கமப் புள்ளி: அதைக் கண்ட சிரியின் ஆற்றல் கட்டுமீறி வெடிப்பதும், அதன்பின் வரும் துயரமும், அந்தத் துயரத்தில் கேட்கப்படும் பனியுருண்டைக் கேள்வியும் அதையே பற்றி நிற்பதால், அவர் பிழைத்தால் மீதிக் கதை முழுவதையும் இரண்டாவது முறை எழுதவேண்டியிருக்கும். அதே போரில் மற்றொரு வேட்டையாளனான லாம்பெர்ட்டின் உயிரோ குறிகளுக்குக் கட்டுப்பட்டது. முன்னொரு கதையில் கெய்ரா மெட்ஸ் என்னும் மந்திரக்காரியைக் கெரால்ட் கொல்லாமலும், கொடுங்கோல் மன்னனிடம் சென்று அழிய விடாமலும், கோட்டைக்கு வரச் சம்மதிக்கச் செய்திருந்தால், அவள் அங்கே நின்று அவனைக் காக்கிறாள்.

பெல்ஜியத்தின் லாரியன் ஸ்டுடியோஸ் 2023 ஆகஸ்ட்டில் வெளியிட்ட ‘பால்டர்ஸ் கேட் 3’ விளையாட்டுக்கு 17,000 முடிவு வேறுபாடுகள் உண்டு என்று அந்நிறுவனம் அறிவித்தபோது, பலர் அதைப் பதினேழாயிரம் தனிக் கதைகள் என்று எண்ணி மலைத்தனர். ஒன்றையொன்று சாராத ஆம், இல்லைக் கேள்விகள் பதினான்கு இருந்தால் அவற்றின் சேர்க்கைகள் மட்டுமே 16,384 ஆகிவிடும் என்பதை நோக்கினால் அந்த எண்ணின் உட்பொருள் புலப்படும். இன்ன துணைவர் பிழைத்தாரா, இன்னவர் சாபம் நீங்கினாரா என்பவற்றுக்குத் தனித்தனிச் சிறு காட்சிகளை எழுதிவைத்து, ஒவ்வோர் ஆட்டத்திலும் உரியவற்றைச் சேர்த்துக் காட்டினால் போதும். சிறிய எழுத்துவேலையிலிருந்து பெரிய வேறுபாட்டைப் பெறும் இவ்வழி ஏமாற்று அன்று. ஒவ்வொரு சேர்க்கையும் அதை அடைந்தவருடைய தேர்வுகளால் மெய்யாகவே உண்டானது.

தேர்வுகள் ஒன்றையொன்று சார்ந்திருக்கும்போதுதான் உயிர்காப்பு கடினமாகிறது. கனடாவின் பயோவேர் நிறுவனம் 2009-இல் வெளியிட்ட ‘டிராகன் ஏஜ்: ஆரிஜின்ஸ்’ விளையாட்டில் ரெட்கிளிஃப் என்னும் ஊர் இதற்குத் தெளிவான எடுத்துக்காட்டு. அவ்வூரின் சிற்றரசர் ஈமன் நஞ்சூட்டப்பட்டு நினைவிழந்து கிடக்கிறார்; தந்தையைக் காக்கவேண்டி அவருடைய சிறுவன் கானர் ஒரு பேயுடன் ஒப்பந்தம் செய்து அதன் பிடியில் சிக்குகிறான்; இரவில் கோட்டையிலிருந்து பிணங்கள் எழுந்துவந்து ஊரைத் தாக்குகின்றன. கோட்டைக்குள் நுழைந்த ஆட்டக்காரர்முன் இரண்டு வழிகள் முதலில் வைக்கப்படுகின்றன: சிறுவனைக் கொல்வது, அல்லது அவன் தாய் இசோல்டின் உயிரைப் பலியாகக் கொண்டு இரத்த மந்திரத்தால் பேயின் உலகுக்குள் ஒருவரை அனுப்பி அதை அழிப்பது. மூன்றாவது வழியொன்றும் உண்டு. மந்திரவாதிகளின் கோபுரத்துக்குச் சென்று அவர்களுடைய துணையைப் பெற்றால், யாரையும் பலியிடாமல் அதே சடங்கைச் செய்யலாம். ஆனால் அந்தக் கோபுரத்தில் ஏற்பட்ட கலவரத்தை ஆட்டக்காரர் முன்பே தீர்த்திருந்து, அப்போது மந்திரவாதிகள் அனைவரையும் ஒழிப்பதற்குத் துணைநின்றிருந்தால், இந்த வழி அடைபட்டிருக்கும். முன்பின் அறியாத ஒரு சிறுவனின் உயிர் வேறோர் இடத்தில் வேறொரு காரணத்துக்காக எடுத்த முடிவைச் சார்ந்து நிற்பதையே சார்பு என்கிறோம். ஒரு விளையாட்டின் சார்புகளை எல்லாம் புள்ளிகளாகவும் அம்புகளாகவும் வரைந்தால், யாரை எப்போது காக்க முடியும் என்பதற்கான முழு விடையும் அந்த வரைபடத்தில் இருக்கும்.

ரெட்கிளிஃபில் காலமும் ஒரு வினாவாகிறது. ஊரார் உதவி கேட்டபின் இரவுப் போருக்கு முன் ஆட்டக்காரர் ஊரைவிட்டுச் சென்றால் ஊர் அழிந்துபோகும். அடுத்த நாள் கோட்டையில், கோபுரத்துக்குச் சென்று திரும்பும் நெடும்பயணத்துக்குள் பேய் மீண்டும் வெறியாடக்கூடும் என்ற அச்சம் உரையாடலில் எழுகிறது. முன்னதை அறிந்த எவரும் பின்னதையும் நம்புவர். ஆனால் இரண்டாவது பயணத்துக்கு எந்தக் குறியும் வைக்கப்படவில்லை. எவ்வளவு சுற்றினாலும் கானரும் அவன் தாயும் அப்படியே காத்திருக்கிறார்கள். இதன் விளைவு வருந்தத்தக்கது. விளையாட்டின் சொல்லை மதித்து, ஊரைக் காக்க விரைந்து ஒரு கொடிய முடிவை ஏற்றவர் ஓர் உயிரை இழக்கிறார். எச்சரிக்கையைப் பொருட்படுத்தாதவர் எல்லோரையும் காக்கிறார். சிரியின் கதையில் ஒன்றுபட்ட சொல்லும் கணக்கும் இங்கே பிரிந்துவிட்டன.

பால்டர்ஸ் கேட் 3 இதை வேறுவிதமாகக் கையாள்கிறது. அங்கும் கடிகாரம் ஓடுவதில்லை. எரியும் சத்திரத்தின்முன் ஆட்டக்காரர் எவ்வளவு நேரம் நின்றாலும் தீ காத்திருக்கும். ஆனால் முகாமுக்குச் சென்று இரவு முழுதும் உறங்கும் நெடிய ஓய்வை எடுத்தால், சில கதைகள் ஒரு படி முன்னேறிவிடும்: சத்திரம் எரிந்து முடியும், உள்ளே சிக்கியவர்களைக் காக்கும் வாய்ப்பு போய்விடும். காயமும் களைப்பும் உள்ளவர்க்கு ஓய்வு தேவை, ஆகவே அதற்கு உண்மையான விலை உண்டு. முதல் பகுதியில் அரும்பாடுபட்டுக் காக்கப்பட்ட அகதிகளுள் சிலர் அடுத்த பகுதியில் ஓர் இருண்ட நிலத்து விடுதியில் தங்கியிருப்பார்கள். அவ்விடுதியை நிழற்சாபத்திலிருந்து காப்பது இசோபெல் என்னும் பெண்ணின் நிலவொளி அரண். அவள் வீழ்ந்தால் அரண் மறைந்து உள்ளிருப்போர் அழிவர். ஒருமுறை ‘பிழைத்தார்’ என்று போட்ட குறி நிலையானதன்று, பின்னால் அழிக்கப்படலாம் என்பதை அந்த விடுதி கற்பிக்கிறது.

இத்தனைக்கும் மேல் தற்செயல் உண்டு. அதே விளையாட்டின் தொடக்கத்தில், புனிதச் சிலையைத் திருடினாள் என்று பிடிபட்ட அரபெல்லா என்னும் சிறுமியின்முன் காகா என்னும் தலைவி பாம்பொன்றை நிறுத்தியிருக்கிறாள். காகாவைச் சொல்லால் இணங்கச்செய்ய முயன்றால் இருபது முகங்களுள்ள பகடை உருட்டப்படும். தோற்றால் சிறுமி பாம்பு தீண்டி இறக்க நேரிடும். பகடையில் 10 அல்லது அதற்கு மேல் விழவேண்டும் என்று வைத்துக்கொண்டால், இருபதில் பதினொரு முகங்கள் வெற்றி தரும். வாய்ப்பு 55 விழுக்காடு. இரண்டு பகடைகளை உருட்டிப் பெரியதை எடுத்துக்கொள்ளும் உரிமை கிடைத்தால், இரண்டும் தோற்றால்தான் தோல்வி என்பதால், வெற்றி வாய்ப்பு ஏறத்தாழ 80 விழுக்காடாக உயரும். ஆகவே பேச்சுத்திறன் மிக்க துணைவரை முன்னிறுத்துவதும், இத்தகைய உரிமைகளைச் சேர்த்துவைப்பதும் உயிர்காப்பின் பகுதியாகின்றன. எஞ்சிய இருபது விழுக்காட்டை எவ்வளவு நல்லெண்ணமும் நீக்குவதில்லை.

இவையெல்லாம் எவ்வாறு தெரியவந்தன? விளையாட்டு தன் கணக்கை வெளியே காட்டுவதில்லை. உருவாக்கியவர்களும் பெரும்பாலும் விளக்குவதில்லை. ஆட்டக்காரர்கள் இதைக் கண்டறிந்த முறை ஆய்வுக்கூட முறையே. தேர்வுக்கு முன் நிலையைச் சேமித்து, ஒரு வழியில் சென்று விளைவைக் குறித்துக்கொண்டு, மீண்டும் அதே நிலைக்குத் திரும்பி, மற்றவற்றை எல்லாம் அப்படியே வைத்து ஒன்றை மட்டும் மாற்றிப் பார்ப்பது. இயற்கையில் ஒரு நாளை மீண்டும் தொடங்க முடியாது என்பதால் அறிவியலாளர்களுக்குக் கிட்டாத தூய ஒப்பீடு இங்கே கிட்டுகிறது. ஆயினும் பகடை உள்ள இடத்தில் ஒரு சோதனை எதையும் நிறுவாது. பலமுறை உருட்டி விகிதத்தைப் பார்க்கவேண்டும். ஒரே ஆட்டத்தில் இரண்டு தேர்வுகளையும் மாற்றிவிட்டு, காரணம் இரண்டாவதே என்று சாதிப்பவர்களால் எத்தனையோ தவறான அறிவுரைகள் பரவியுமுள்ளன.

தேர்வுக்கும் விளைவுக்கும் இடையே உள்ள தூரம் இந்தச் சோதனையை மேலும் கடினமாக்குகிறது. 2007-இல் வந்த முதல் ‘விட்சர்’ விளையாட்டிலேயே இத்தூரம் வேண்டுமென்றே வைக்கப்பட்டது: ஆற்றங்கரையில் ஒரு வணிகனின் சரக்குப் பெட்டிகளைக் கிளர்ச்சியாளர்கள் எடுத்துச்செல்ல விட்டால், வெகுநேரம் கழித்து நகரத்துக்குள், கெரால்டின் விசாரணைக்கு உதவக்கூடிய ஒருவன் அவர்களுடைய அம்புகளால் இறந்து கிடப்பான். அதற்குள் பழைய சேமிப்புக்குத் திரும்புவதற்குப் பல மணி நேர ஆட்டத்தைத் துறக்கவேண்டியிருக்கும் என்பதால், பெரும்பாலோர் விளைவை ஏற்று மேலே செல்வர்.

சோதனைக்கு எட்டாததைக் கோப்புகள் காட்டின. டிராகன் ஏஜ் விளையாட்டைக் கட்டமைக்கும் கருவித்தொகுப்பைப் பயோவேரே ஆட்டக்காரர்களுக்கு அளித்தது. தி விட்சர் 3-க்கான ரெட்கிட் கருவி 2024-இல் வெளிவந்தது. இவை போன்றவற்றால் நிலைக்குறிகளையும் அவை எங்கே கேட்கப்படுகின்றன என்பதையும் நேரே காணமுடிகிறது. பயோவேரின் மற்றொரு விளையாட்டான, மாயவுலகில் அல்லாமல் விண்வெளியில் நிகழும் ‘மாஸ் எஃபெக்ட் 2’ (2010) இவ்வகை ஆராய்ச்சிக்குப் பெரும் பரிசளித்தது. அதன் இறுதிப் போரில் பின்தங்கி நின்று எதிரியைத் தடுக்கும் துணைவர்களுள் சிலர் காரணமின்றி இறப்பதாகத் தோன்றியது. ஒவ்வொருவருக்கும் ஒரு தற்காப்பு மதிப்பு உண்டு என்பதும், கூட்டத்தின் மொத்தம் அன்றிச் சராசரியே பார்க்கப்படுகிறது என்பதும் பின்னர் வெளிப்பட்டன. வலிமை மிக்கவர்களைத் தலைவன் தன்னோடு அழைத்துச்சென்றால் பின்னால் நிற்போரின் சராசரி சரிந்து, மெலிந்தவர்கள் இறக்கிறார்கள். மெலிந்த ஒருவரை மீட்கப்பட்ட மாலுமிகளுக்குத் துணையாக முன்பே திருப்பியனுப்பினால், ஆள் குறைந்தும் சராசரி உயர்ந்து எல்லோரும் பிழைக்கிறார்கள். தன்னருகே வல்லவர்களை வைத்துக்கொள்ளும் இயல்பான ஆசையே பிறர்க்கு எமனாகும் இக்கணக்கை, கோப்புகளைப் படிக்காமல் எவரும் முழுமையாக ஊகித்திருக்க முடியாது.

குறிகள் ஒரு விளையாட்டோடு முடிவதுமில்லை. டிராகன் ஏஜின் சேமிப்புக் கோப்பை 2011-இல் வந்த இரண்டாம் பகுதி படித்தது. 2014-இல் வந்த ‘இன்குவிசிஷன்’ விளையாட்டுக்கு, பழைய தேர்வுகளைப் பதிவுசெய்து அனுப்பும் தனி இணையச் சேவை அமைக்கப்பட்டது. முன்பு காக்கப்பட்ட கானர் அங்கே வளர்ந்த இளைஞனாக, தான் எழுப்பிய பிணங்களின் நினைவைச் சுமந்தபடி, அதே ரெட்கிளிஃபில் எதிர்ப்படுகிறான். கொல்லப்பட்டிருந்தால் அந்த இடத்தில் அவன் இல்லை. ஆனால் லெலியானா என்னும் துணைவியின் நிலை வேறு. அவளுடைய சமயத்தார் போற்றும் புனிதச் சாம்பலை ஆட்டக்காரர் மாசுபடுத்தினால் முதல் விளையாட்டிலேயே அவரை எதிர்த்து நின்று இறக்கக்கூடியவள் அவள். இருப்பினும் இன்குவிசிஷனில் ஒற்றர் தலைவியாக உயிருடன் நின்று கதையை நடத்துகிறாள். மூன்றாவது கதையின் தூண்களுள் ஒன்றாக அவள் ஆகிவிட்டதால், எழுத்தாளர்கள் அந்தக் குறியைப் படித்து, அவள் இறந்திருந்ததை ஒப்புக்கொண்டு, மீண்டெழுந்ததாக ஒரு விளக்கத்தைச் சேர்த்தனர். அவளை அப்புறப்படுத்தினால் எழுதவேண்டியிருந்த மற்றொரு முழுக் கதையை எழுதவில்லை.